வழக்கை மாற்றினால் கூலி போவது யாருக்கு?

பூந்தமல்லிக் கோர்ட்டில் நடக்கும் மனை வழக்கைத் தூரத்துக் கோர்ட்டுக்கு மாற்றும்படி பணக்கார எதிராளி மனுப் போட்டால் என்ன ஆகும்? அவருக்குக் கார் இருக்கிறது. அம்பத்தூர்த் தொழிலாளிக்கோ ஒவ்வொரு வாய்தாவுக்கும் ஒரு நாள் கூலி போகும்.

1908-ம் ஆண்டு சிவில் நடைமுறைச் சட்டத்தின் 16-வது பிரிவு, நிலத் தகராறை நிலம் இருக்கும் எல்லைக் கோர்ட்டில் தொடுக்கச் சொல்கிறது. ஹைகோர்ட்டும் ஜில்லா கோர்ட்டும் வழக்கை மாற்றலாம் என்கிறது 24-வது பிரிவு. ஆனால் ஒரு தரப்பு கேட்டால், மறு தரப்புக்கு நோட்டீஸ் கொடுத்து விசாரித்த பிறகே மாற்ற வேண்டும்.

நோட்டீஸ் வந்ததும் சும்மா இருக்கக் கூடாது, தோழர்களே! ஆட்சேபிக்க வேண்டும். வக்கீலுக்குப் பணமில்லையா? 1987-ம் ஆண்டுச் சட்டப்படி ஆலைத் தொழிலாளர், பெண்கள், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், வருமானம் குறைந்தோர் ஆகியோருக்கு இலவச சட்ட உதவி உண்டு. அதைக் கேட்டுப் பெறுவோம். பஸ் கட்டணம் இல்லாததால் ஏழையின் நியாயம் தோற்க விடமாட்டோம்!