சிங்காரவேலரைத் தேடுவோம்

ஓட்டப்பிடாரம் என்றதும் நம் நெஞ்சில் எழுபவர் வ.உ.சிதம்பரனார். 1872-ஆம் ஆண்டு இம்மண்ணில் பிறந்த அவர், 1908-இல் தூத்துக்குடி கோரல் மில் தொழிலாளரின் வேலைநிறுத்தத்திற்குத் தலைமை தாங்கினார். பதினைந்து ஆண்டுகள் கழித்து, 1923 மே முதல் நாளன்று, சென்னைக் கடற்கரையில் இந்தியாவின் முதல் மே தினத்தைக் கொண்டாடினார் மற்றொரு வழக்கறிஞர். அவர்தாம் ம.சிங்காரவேலர், தென்னாட்டின் முதல் கம்யூனிஸ்ட்.

1860-இல் சென்னை மீனவர் குடும்பம் ஒன்றில் பிறந்தவர் அவர். முத்துக்குளித்துறையின் பிள்ளைகளாகிய நம்மில் எத்தனை பேர் அவரை அறிவோம்? பெயரை அறிந்திருக்கலாம், சென்னை மாவட்ட ஆட்சியர் அலுவலகக் கட்டடம் சிங்காரவேலர் மாளிகை என்றே வழங்குகிறது. ஆனால் பெயரை அறிவது வேறு, வாழ்வை அறிவது வேறு.

அவர் வாழ்வை ஆராயப் புகுவோர் ஒரு விந்தையைக் காண்பர். அவரை நேசித்தவர்களைக் காட்டிலும், அவரைக் கண்காணித்தவர்களே குறிப்புகளைக் கவனமாகக் காத்தனர்! எம்.என்.ராய் அவருக்கு எழுதிய கடிதங்களை இரகசியப் போலீசார் வழிமறித்துப் படித்தனர். 1924 கான்பூர் சதி வழக்கில் அவர் பெயரும் சேர்க்கப்பட்டது. உடல்நலக் குறைவால் அவர் விசாரிக்கப்படவில்லை. அடுத்த ஆண்டே அதே கான்பூரில் கூடிய கம்யூனிஸ்ட் மாநாட்டிற்கு அவர் தலைமை வகித்தார். 1928 தென்னிந்திய ரயில்வே வேலைநிறுத்தத்திற்காகச் சிறையும் சென்றார்.

போலீஸ் ஏடுகளை மட்டும் படித்தால் நாம் காண்பது ஒரு சதிகாரரை. ‘குடிஅரசு’ இதழ்களைப் புரட்டினாலோ, டார்வினையும் வானநூலையும் எளிய தமிழில் விளக்கும் ஓர் ஆசானைக் காண்கிறோம். இரண்டையும் சேர்த்துப் பார்த்தால்தான் முழு மனிதர் தெரிவார். கே.முருகேசனும் சி.எஸ்.சுப்பிரமணியமும் முயன்று தேடி, 1975-இல் அவர் வரலாற்றை நூலாக்கினர். அப்பணி அவர்களோடு முடிந்துவிடலாமா?

புகழ்மாலை சூட்டுவது ஆராய்ச்சியாகாது. முதல் மே தினத்தில், வீட்டிலிருந்த சிவப்புச் சேலையைக் கிழித்து அவர் கொடியாக்கினார் என்று மேடைதோறும் சொல்கிறார்கள். அழகான செய்திதான். ஆயினும் அதை முதலில் எழுதியவர் யார், எப்போது எழுதினார் என்று கேட்பது மாணவன் கடமை. இந்தியக் கம்யூனிஸ்ட் கட்சி பிறந்தது 1920-இல் தாஷ்கண்டிலா, 1925-இல் கான்பூரிலா என்பதில் இன்றுவரை இரு கட்சிகள் இருவேறு கருத்துக் கொண்டுள்ளன. எந்த ஆண்டை ஏற்கிறோமோ, அதைப் பொறுத்துச் சிங்காரவேலரின் இடமும் மாறுகிறது. இத்தகைய வழக்கில் சான்றே நீதிபதியாக வேண்டும், பற்று அல்ல.

மாணவ நண்பர்களே! சென்னை எழும்பூர் ஆவணக் காப்பகத்திற்குச் செல்ல எல்லோராலும் இயலாது. ஆனால் நம் ஊரிலேயே பணி உண்டு. ஆலையிலும் துறைமுகத்திலும் உப்பளத்திலும் உழைத்து ஓய்ந்த முதியவர்கள் நம் வீடுகளில் இருக்கிறார்கள். அவர்கள் கண்ட சங்கங்களையும் வேலைநிறுத்தங்களையும் கேட்டு, நாளும் பெயரும் குறித்து எழுதி வைப்போம். வீட்டுப் பரணில் கிடக்கும் பழைய துண்டறிக்கைகளையும் சங்க ரசீதுகளையும் எடைக்குப் போடாமல் நம் கல்லூரி நூலகத்தில் சேர்ப்போம்.

சிலைக்கு ஆண்டுக்கொரு மாலை போதும். வரலாற்றுக்கோ அன்றாடம் உழைப்பு வேண்டும். உழைத்தவர் வரலாற்றை நாம் எழுதாவிட்டால், அவர்களை வேவு பார்த்தவர் எழுதியதே வரலாறாக நிற்கும்.