ஐம்பதில் அக்கரை சேர்ந்தவர்

குணச்சித்திர நடிகர்கள் என்று பேச்சு வந்தால் நான் முதலில் சொல்லும் பெயர் ஆர்மின் முல்லர்-ஸ்டால். அவருடைய நடிப்பு எனக்கு எவ்வளவு பிடிக்குமோ, அந்த நடிப்புக்காக அவர் கொடுத்த விலையும் அவ்வளவு முக்கியம்.

1930இல் கிழக்குப் பிரஷ்யாவின் டில்சிட் நகரில் பிறந்தார். இன்று அது ரஷ்யாவில் இருக்கிறது. வயலின் கற்றுத் தேர்ந்தவர், நாடகத்துக்கு வந்தார். கிழக்கு பெர்லினின் ஃபோக்ஸ்பூனே அரங்கில் நீண்ட காலம் நடித்தார். ஃப்ராங்க் பேயர் இயக்கிய 'ஓநாய்களிடையே நிர்வாணமாக' (1963), 'பொய்யன் யாக்கோப்' (1974) ஆகிய படங்கள் அவருக்குப் பெயர் வாங்கித் தந்தன. ஆனால் வீட்டுக்கு வீடு அவரைக் கொண்டுபோய்ச் சேர்த்தது தொலைக்காட்சிதான். 1973இல் தொடங்கிய ஒரு தொடரில் மேற்கு நாடுகளுக்குள் ஊடுருவும் கிழக்கு ஜெர்மன் உளவாளியாக வந்தார். அரசின் உளவுத்துறையே ஒத்துழைத்து எடுக்கப்பட்ட தொடர் அது. ஆட்சிக்கும் மக்களுக்கும் ஒருசேரப் பிடித்த நாயகன்.

1976 நவம்பரில் பாடகர் வோல்ஃப் பியர்மன் மேற்கு ஜெர்மனியில் கச்சேரி செய்யப் போயிருந்தபோது, கிழக்கு ஜெர்மன் அரசு அவருடைய குடியுரிமையைப் பறித்தது. அதைக் கண்டித்த கடிதத்தில் முல்லர்-ஸ்டாலும் கையெழுத்திட்டார். அதோடு வாய்ப்புகள் வற்றின. நேற்றுவரை கொண்டாடிய ஸ்டுடியோக்கள் கூப்பிடவில்லை. வீட்டில் உட்கார்ந்து நாவல் எழுதினார். 1980இல் மேற்கு ஜெர்மனிக்குக் குடிபெயர்ந்தபோது ஐம்பது வயதை நெருங்கியிருந்தார்.

பெரும்பாலான நடிகர்களுக்கு அந்த வயதில் வழி குறுகத் தொடங்கும். இவருக்கோ அங்கிருந்துதான் அகன்றது. இயக்குநர் ஃபாஸ்பிண்டரின் 'லோலா' படத்தில் கறைபடியாத கட்டடத் துறை அதிகாரியாக வந்தார். அடுத்து ஹங்கேரிய இயக்குநர் இஸ்த்வான் சாபோவின் 'கர்னல் ரெடில்', பிறகு ஹாலிவுட்.

கோஸ்டா-காவ்ராஸ் இயக்கிய 'மியூசிக் பாக்ஸ்' (1989) படத்தில் அவர் அமெரிக்காவில் குடியேறிய ஹங்கேரியர், பேரனைக் கொஞ்சும் தாத்தா. போர்க்குற்றம் செய்தவர் என்று அவர்மீது வழக்கு வருகிறது. வாதாடுபவர் வக்கீலான மகள், ஜெசிகா லாங். படம் முழுக்க நமக்குள் ஒரே கேள்வி: இந்த மனிதரா? முல்லர்-ஸ்டால் ஒரு பார்வையில்கூட விடையைக் கசியவிடுவதில்லை. குற்றவாளி என்று காட்டிக்கொள்ளவும் இல்லை, நிரபராதி என்று கெஞ்சவும் இல்லை. சும்மா அப்பாவாக இருக்கிறார். அதுதான் நம்மைக் கலங்கடிக்கிறது. 'ஷைன்' (1996) படத்திலும் இதே வித்தை. மகனைப் பியானோ மேதையாக்கத் துடித்து, அவன் சிறகு விரிக்கும்போது தடுக்கும் தந்தை. அந்தப் பாத்திரத்தின் கொடுமையிலும் பாசத்தை நம்மால் மறுக்க முடியவில்லை. துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது, விருது கிடைக்கவில்லை. என்னைக் கேட்டால் அது அவருக்கே சேர வேண்டியது.

கனிவும் அவருக்குக் கைவந்தது. ஜிம் ஜார்முஷின் 'நைட் ஆன் எர்த்' (1991) படத்தில், நியூயார்க்கில் டாக்சி ஓட்ட வந்திருக்கும் முன்னாள் கோமாளி ஹெல்முட். வண்டியே ஓட்டத் தெரியாது. கடைசியில் பயணிதான் ஓட்டுகிறார். கிழக்கு ஜெர்மனியை விட்டு வந்தவர் என்ற ஹெல்முட்டின் கதை நடிகரின் சொந்தக் கதையும்கூட என்பதை நினைத்துக்கொண்டு பார்த்தால், அந்தச் சிரிப்பு வேறு மாதிரி தெரியும்.

2001இல் ஜெர்மன் தொலைக்காட்சியில் எழுத்தாளர் தாமஸ் மன்னாக நடித்தார். 2007இல் 'ஈஸ்டர்ன் பிராமிசஸ்' படத்தில் லண்டன் உணவகம் நடத்தும் ரஷ்ய மாஃபியா தலைவர். குரலை உயர்த்தாமலே நம்மை நடுங்க வைப்பார். 1999இல் ஹாலிவுட் 'பொய்யன் யாக்கோப்' கதையை ராபின் வில்லியம்ஸை வைத்து மறுபடி எடுத்தபோது, அதிலும் வேறொரு வேடத்தில் இருந்தார். இரண்டு வடிவத்திலும் நடித்தவர் அவர்.

2011இல் பெர்லின் திரைப்பட விழா வாழ்நாள் சாதனைக்கான தங்கக் கரடி விருதை அவருக்கு வழங்கியது. அவரை இதுவரை பார்க்காதவர்கள் 'மியூசிக் பாக்ஸ்' படத்திலிருந்து தொடங்குங்கள். முடிவை யாரிடமும் முன்கூட்டிக் கேட்டுவிடாதீர்கள்.