வராதவர் வழக்கு பொய் வழக்கா?

"கேஸ்ல உண்மை இருந்தா வராம இருப்பாங்களா?" மாவட்ட நீதிமன்ற வாசலில் போன வாரம் ஒருவர் இப்படிச் சொன்னார். சுற்றி நின்ற நான்கு பேரும் தலையாட்டினார்கள். எதிரே, அப்பீல் தள்ளுபடியான பெரியவர் மஞ்சள் பையில் பட்டா நகலைத் திணித்துக்கொண்டிருந்தார். டவாலி மூன்று முறை கூப்பிட்டபோது அவர் பஸ் நிலையத்திலிருந்து நடந்து வந்துகொண்டிருந்தார். அவருடைய வக்கீல் வேறொரு கோர்ட்டில் இருந்தார்.

அந்தத் தலையாட்டல்தான் கொடுமை. வராமல் போனதற்கும் வழக்கின் நியாயத்துக்கும் என்ன சம்பந்தம்? சிவில் நடைமுறைச் சட்டத்தின் 41-ஆம் கட்டளை, 17-ஆம் விதி, மேல்முறையீட்டாளர் வராவிட்டால் தள்ளுபடி செய்யலாம் என்கிறது. 'செய்யலாம்' என்றுதான் இருக்கிறது, 'செய்தே தீர வேண்டும்' என்று இல்லை. ஆள் இல்லாத நேரத்தில் வழக்கின் தகுதியைப் பார்த்துத் தள்ளுபடி செய்யக் கூடாது என்று 1976-ஆம் ஆண்டுத் திருத்தம் விளக்கமும் சேர்த்தது. ஆக, நிலம் யாருடையது என்பதைப் பற்றி அந்த உத்தரவு வாயே திறக்கவில்லை. அதைத் தீர்ப்பாக்குவது வாசலில் நிற்கிறவர்கள்.

ரஃபிக் வழக்கைப் பாருங்கள். அலகாபாத் உயர் நீதிமன்றத்தில் அவருடைய வக்கீல் ஆஜராகவில்லை, மேல்முறையீடு முடிந்துபோயிற்று. தெரிந்ததும் மனுப் போட்டார். அதுவும் தள்ளுபடி. 1981-இல் உச்ச நீதிமன்றம், நீதிபதி டி.ஏ.தேசாய் எழுதிய தீர்ப்பில், ஃபீஸ் கொடுத்து வக்கீலை நம்பியிருந்த கட்சிக்காரர் ஏன் தண்டனை அனுபவிக்க வேண்டும் என்ற கேள்வியை எடுத்துக்கொண்டது. மேல்முறையீட்டுக்கு உயிர் வந்தது. எதிர்த்தரப்பின் செலவு 200 ரூபாயை வராத வக்கீலிடமே வசூலிக்கச் சொன்னது. ரஃபிக்கிடம் அல்ல, வக்கீலிடம்!

கிரிமினல் அப்பீலை இப்படித் தள்ளவே முடியாது. 1996-இல் பானி சிங் வழக்கில், யாரும் வராவிட்டாலும் ஆவணங்களைப் படித்துத் தகுதியின் பேரில்தான் முடிவெடுக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. வருமான வரித் தீர்ப்பாயத்துக்கோ 1969-லேயே, சென்னையிலிருந்து போன சென்னியப்ப முதலியார் வழக்கில், இதே கட்டுப்பாடு வந்துவிட்டது. தண்டனை பெற்றவருக்கும் வரி கட்டுகிறவருக்கும் கிடைத்த பாதுகாப்பு, வரப்புத் தகராறில் நிற்கும் விவசாயிக்கு மட்டும் ஏன் இல்லை?

வக்கீல்களின் கோர்ட் புறக்கணிப்பையும் சேர்த்துத்தான் பேச வேண்டும். வேலைநிறுத்தம் செய்ய அவர்களுக்கு உரிமை இல்லை என்று 2002-இல் ஹரீஷ் உப்பல் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. புறக்கணிப்பு நின்றதா? புறக்கணிப்பு நாளில் கூலியை விட்டுவிட்டு வந்து, வாய்தா வாங்கித் திரும்புகிறவர்களைப் பார்த்து "வக்கீல் வரலைன்னா கேஸ் பொய்" என்று யாரும் சொல்வதில்லை. கட்சிக்காரர் ஒரு நாள் தவறினால் மட்டும் அவர் பொய்யர். பட்டியல், உத்தரவு எல்லாம் புரியாத ஆங்கிலத்தில் இருந்தாலும் தவறு அவருடையதுதானாம்.

பெரியவருக்குத் தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாள் அவகாசம் இருக்கிறது. அதற்குள் போதிய காரணம் காட்டி, அப்பீலை மறுபடி ஏற்கச் சொல்லி மனுப் போட வேண்டும். ரஃபிக் வழக்கில் செலவு வக்கீல் தலையில் விழுந்தது. இங்கே டைப்பிங், ஸ்டாம்ப், ஃபீஸ் எல்லாவற்றுக்கும் குமாஸ்தா பெரியவரிடம்தான் கை நீட்டினார்.