பாடியவர் பெயர் எங்கே?

ஒவ்வோர் ஆண்டும் ஜூலை 23 அன்று கொக்கிரகுளத்தில் தாமிரபரணிக் கரைக்குப் போவது எங்களில் பலருக்கு வழக்கம். 1999இல் மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களுக்காக ஆட்சியர் அலுவலகம் நோக்கிப் போன ஊர்வலத்தைக் காவல்துறை அடித்து ஆற்றுக்குள் விரட்டியதில் 17 பேர் செத்த இடம் அது. கட்சிக்கொடிகள் வரும், மாலைகள் வரும், ஆற்றில் பூ மிதக்கும். எங்கோ ஒரு வேனில் கட்டிய ஒலிபெருக்கியில் 'மனுசங்கடா' பாடும்.

சில ஆண்டுகளுக்கு முன் அங்கே என் பக்கத்தில் நின்ற கல்லூரி மாணவர் ஒருவர், "அண்ணே, இது யார் பாட்டு?" என்று கேட்டார். நான் வாயைத் திறக்கும் முன் இன்னொருவர் பதில் சொல்லிவிட்டார்: "இது மக்கள் பாட்டு தம்பி, நாட்டுப்புறப் பாட்டு." அவர் பெருமையாகத்தான் சொன்னார். எனக்குத்தான் உறுத்தியது. அந்தப் பாட்டை எழுதிய கை இருக்கிறது. அதை ஊர் ஊராகக் கொண்டுபோன குரல் இருக்கிறது. எழுதியவர் இன்குலாப், பாடியவர் கே.ஏ.குணசேகரன். இரண்டு பேரும் 2016இல்தான் இறந்தார்கள். அதற்குள் பாட்டு அநாதையாகிவிட்டதா?

குணசேகரன் 1955இல் இன்றைய சிவகங்கை மாவட்டத்து மாரந்தையில் பிறந்தவர். இளையான்குடியில் படித்தவர். அவருடைய தன்வரலாறான 'வடு' 2005இல் வந்தது. இன்னும் படிக்காதவர்கள் இந்த வாரமே படித்துவிடலாம், சின்னப் புத்தகம்தான். அதில் எனக்குப் பிடித்தது அழுகை அல்ல, வரைபடம். இளையான்குடியின் முஸ்லிம் தெருக்களில் சாதி கேட்காமல் நடக்க முடிந்த ஒரு பையன், சில மைல் தள்ளி உறவினர் ஊருக்குப் போனதும் எப்படிக் கூனிக்குறுகி நடக்கவேண்டியிருந்தது என்பதை அந்தப் புத்தகம் தெருத்தெருவாகக் காட்டுகிறது. ஒரே பையன், ஒரே கால்கள், பாதைதான் வேறு. 'மனுசங்கடா' பாட்டை எழுதிய இன்குலாப்பும் பழைய இராமநாதபுரம் சீமைக்காரர்தான், கீழக்கரையில் ஒரு முஸ்லிம் குடும்பத்தில் பிறந்த சாகுல் அமீது. அந்தப் பாட்டு இந்த இருவரிடமிருந்து வந்தது தற்செயல் என்று எனக்குத் தோன்றவில்லை.

அவரை வெறும் பாடகராக நினைத்துக்கொண்டிருந்த எனக்கு, முனைவர் பட்டத்துக்குப் பதிவு செய்தபோதுதான் அவருடைய மறுபாதி தெரிந்தது. பேராசிரியர், புதுவைப் பல்கலைக்கழகத்தின் நாடகத் துறையில் பணியாற்றியவர், உலகத் தமிழாராய்ச்சி நிறுவனத்தின் இயக்குநராக இருந்தவர். கரகாட்டம் பற்றி எழுதினார், சங்கரதாஸ் சுவாமிகள் பற்றி எழுதினார், இளையராஜாவின் இசைமொழி பற்றி எழுதினார். 'பலி ஆடுகள்' நாடகம் தமிழில் தலித் அரங்குக்கு வாசல் திறந்தது. பகலில் வகுப்பு, இரவில் 'தன்னானே' குழுவோடு மேடை. கேசட் காலத்தில் அந்தக் குரல் தேநீர்க்கடை டேப் ரெக்கார்டர் வழியாகச் சேரிகளுக்குப் போனது. பல்கலைக்கழகத்தில் பாட்டை ஆராய்ந்தவர்கள் நிறைய உண்டு. ஆராய்ந்துவிட்டுத் திரும்பிப்போய் அதே பாட்டை அதே சனத்தின் முன் பாடியவர்கள் எத்தனை பேர்?

அவர் செய்த காரியங்களில் அதிகம் பேசப்படாதது, ஒரு சொல்லை மாற்றியது. ஒரு நூலுக்கு 'சேரிப்புறவியல்' என்று பெயர் வைத்தார். நாட்டுப்புறவியல் என்று ஒரு துறை இருக்கிறது, அதில்தான் நானும் இருக்கிறேன். 'நாட்டுப்புறம்' என்றால் வயல், வரப்பு, தென்னந்தோப்பு எல்லாம் கண்ணுக்குள் வரும். ஊரும் சேரியும் தனித்தனியாக இருப்பது மட்டும் வராது. யார் நட்டார்கள், யார் வரப்பில் குடை பிடித்து நின்றார்கள் என்பதும் வராது. அந்தச் சொல்லுக்குள் சாதி கரைந்து காணாமல் போகிறது. ஒரே ஒரு சொல்மாற்றத்தில் அவர் அதை மறுபடி மேலே இழுத்துப் போட்டார். எங்கள் துறை இன்றுவரை பழைய பெயரோடுதான் இருக்கிறது என்பதையும் சொல்லவேண்டும்.

இதேபோல் பெயரால் கரைக்கும் வேலை வேறு இடங்களிலும் நடந்திருக்கிறது. அமெரிக்காவின் 'கன்ட்ரி' இசை என்றதும் நமக்குத் தொப்பி வைத்த வெள்ளைக்காரர் கிதாரோடு நிற்பதுதான் நினைவுக்கு வரும். ஆனால் அந்த இசையின் உயிரான பேஞ்ஜோ, ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாக இழுத்துவரப்பட்டவர்களோடு வந்த கருவி. 1920களில் இசைத்தட்டுக் கம்பெனிகள் தென்மாநிலப் பாட்டை இரண்டு பட்டியலாகப் பிரித்தன, கறுப்பருக்கு ஒன்று, வெள்ளையருக்கு ஒன்று. ஒரே ஊரில், ஒரே பாட்டைப் பாடியவர்கள் இரண்டு பெட்டிக்குள் போனார்கள். ஊர், சேரி என்று நமக்குத் தெரிந்த அதே பிரிவினை.

டிஃபோர்ட் பெய்லி என்று ஒரு ஹார்மோனிகா கலைஞர். நாஷ்வில் வானொலியின் புகழ்பெற்ற 'கிராண்ட் ஓல் ஓப்ரி' நிகழ்ச்சிக்கு 1927இல் அந்தப் பெயரைச் சூட்டிய இரவில் வாசித்தவரே அவர்தான். சுற்றுப்பயணம் போனால் கூட வாசிக்கும் வெள்ளையர் தங்கும் விடுதியில் அவருக்கு இடமில்லை. 1941இல் நிகழ்ச்சியிலிருந்து நீக்கப்பட்டார். அதன்பின் அதே ஊரில் ஷூ பாலிஷ் போடும் கடை நடத்திப் பிழைத்தார். 1982இல் இறந்தார். கன்ட்ரி இசையின் புகழ் மண்டபத்தில் அவர் பெயரைச் சேர்க்க 2005 வரை ஆனது. இன்னொருவர் லெஸ்லி ரிடில். புகழ்பெற்ற கார்ட்டர் குடும்பத்தின் ஏ.பி.கார்ட்டர் மலையூர்களில் பாட்டுச் சேகரிக்கப் போனபோது உடன் போன கறுப்பர். கார்ட்டர் வரிகளை எழுதிக்கொள்வார், மெட்டை ரிடில் மனத்தில் பிடித்துக்கொண்டு வருவார். இசைத்தட்டில் ஏறியது கார்ட்டர் பெயர் மட்டும்.

ரிடிலைப் பற்றி முதலில் படித்தபோது எனக்குக் கோபம் வந்தது. அப்புறம்தான், அந்தக் கதையில் நான் கார்ட்டர் இடத்தில் இருக்கிறேன் என்று உறைத்தது.

என் களம் சேரன்மகாதேவியைச் சுற்றி, கன்னடியன் கால்வாய்ப் பாசனத்து ஊர்கள். காரும் பிசானமும் விளையும் வயல்களில் நடவு நட்ட பெண்களிடம் பாட்டு சேகரித்தேன். இப்போது பல வயல்களில் நடவு எந்திரம் இறங்கிவிட்டது, எந்திரத்தின் சத்தத்தில் யார் பாடுவது? அதனால் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து பாடச் சொல்லிப் பதிவு செய்தேன். ஓர் ஆச்சி, எழுபதைத் தாண்டியவர், மூன்று பிற்பகல்கள் பாடினார். பல பாட்டுகளில் பழைய அடிகளுக்கு நடுவே தன் சொந்த அடிகளைச் சேர்த்திருந்தார். கூலி நெல்லில் பதர் கலந்து அளந்தவனைப் பற்றி, காய்ச்சலில் போன மகனைப் பற்றி. கேட்டால், "அது நான் போட்டது" என்று தெளிவாகச் சொல்வார். பாட்டு கட்டிப் பாடுகிறவர் என்று உலகம் யாரைச் சொல்கிறதோ, அவர் அதுதான்.

இயல் அச்சாகி வந்ததும் கொண்டுபோய்க் காட்டினேன். பேத்தியை வாசிக்கச் சொல்லிக் கேட்டார். முடிந்ததும், "ஏய்யா, பாட்டெல்லாம் எழுதியிருக்க, எம் பேர எங்க எழுதியிருக்க?" என்றார்.

பின்னிணைப்பைப் புரட்டினேன். தகவலாளி எண் 14, பெண், வயது 71, விவசாயக் கூலி.

ஆய்வு நெறி, அடையாளத்தைக் காப்பது, இதையெல்லாம் அவரிடம் என்னால் சொல்ல முடியவில்லை. ஆய்வேட்டின் முகப்பில் என் பெயர் தடித்த எழுத்தில் இருந்தது. என்னிடமிருந்து காக்கப்படவேண்டிய அடையாளம் அவருக்கு என்ன இருந்தது?

சட்டமே இதில் எங்கள் துறையைவிட முன்னால் இருக்கிறது. நாட்டார் பாட்டுக்கு ஆசிரியர் இல்லை, எனவே உரிமை இல்லை என்று சொல்லித்தான் எல்லோரும் எடுத்துக்கொள்கிறார்கள். ஆனால் பதிப்புரிமைச் சட்டத்தில் பாடுகிறவருக்கு, நிகழ்த்துகிறவருக்கு என்று தனி உரிமை உண்டு. பாட்டு யாருடையதாக இருந்தாலும் பாடியவருக்கு அது பொருந்தும். 2012 திருத்தத்துக்குப் பின், இதை நிகழ்த்தியவர் இவர் என்று அடையாளம் காட்டப்படும் உரிமையும் சேர்ந்தது. எங்கள் பதிவுக்கருவிகளில், அலமாரிகளில், காப்பகங்களில் கிடக்கும் குரல்களுக்கு இந்தக் கேள்வியை யார் கேட்பது?

பெயரை நீக்குவதோடு நிற்பதில்லை, கதையையே திருத்திவிடுவதும் இந்த ஆற்றங்கரையில் நடந்திருக்கிறது. பாபநாசம் மலையில் சொரிமுத்து அய்யனார் கோயிலுக்கு ஆடி அமாவாசைக்குப் போனவர்கள் பட்டவராயன் சன்னதியில் காணிக்கையாகச் செருப்புகள் தொங்குவதைப் பார்த்திருப்பார்கள். அவன்தான் வில்லுப்பாட்டில் வரும் முத்துப்பட்டன். பார்ப்பனனாகப் பிறந்து, பொம்மக்கா, திம்மக்கா என்ற சக்கிலியர் குலத்துச் சகோதரிகளைக் காதலித்து, பூணூலை அறுத்து, செருப்புத் தைத்து, மாமனாரின் மாடுகளைக் காக்கும் சண்டையில் செத்தவன். நாங்குநேரிக்காரரான நா.வானமாமலை இந்தக் கதைப்பாடலைப் பதிப்பித்தபோது ஒன்றைச் சுட்டிக்காட்டினார்: அந்தப் பெண்கள் உண்மையில் பார்ப்பனக் குழந்தைகள், காட்டில் கிடந்தவர்களை எடுத்து வளர்த்தார்கள் என்று பிற்காலத்தில் ஒரு கதை உள்ளே செருகப்பட்டிருக்கிறது. சாதி மீறிய காதலைச் சாமியாகக் கும்பிடவும் வேண்டும், சாதி மீறப்படவும் கூடாது. அதற்கு ஒரு பிறப்புக் கதை போதும். இன்றைக்கும் இந்த மாவட்டத்தில் அந்தக் காதலுக்கு அரிவாள்தான் பதில் சொல்கிறது. பாட்டில் செருகியவனுக்கும் வெட்டுகிறவனுக்கும் இடையே பெரிய தூரம் ஒன்றும் இல்லை.

சரி, எல்லாப் பெயரையும் எழுதிவிட்டால் தீர்ந்ததா என்றால், அதுவும் இல்லை. நான் சந்தித்த ஒரு பறைக் கலைஞரின் மகன் கோவையில் வேலை பார்க்கிறார். தொலைபேசியில் கூப்பிட்டு, "அப்பா பேரப் போட்றாதீங்க சார், ஆபீஸ்ல தெரிஞ்சா நல்லாருக்காது" என்றார். அவரை எப்படிக் குறை சொல்வது? சாவுக்கும் திருவிழாவுக்கும் கூலியில்லாமல் அடிக்கவைத்த பறையைத் தூக்கிப் போடுவதுதான் விடுதலை என்று நம் இயக்கத்துக்குள்ளேயே வலுவான குரல் உண்டு. பறையை அடிக்க மறுத்ததற்காக அடி வாங்கிய ஊர்களும் உண்டு. குணசேகரன் வேறு வழியில் போனார். அதே கருவியை மேடையில் ஏற்றினார், அதைப் போராட்டத்தின் சத்தமாக மாற்றினார். இன்று சென்னையில் ஐடி வேலை பார்க்கும் பிள்ளைகள் ஞாயிற்றுக்கிழமை பறை கற்கிறார்கள் என்றால் அதில் அவருக்கும் பங்கு இருக்கிறது. எனக்கு அவர் வழிதான் பிடிக்கும். ஆனால் வாரக்கடைசியில் பறை அடித்துவிட்டு வீட்டுக்குப் போகிறவருக்கும், அந்த மகனுக்கும் அது ஒரே கருவி இல்லை. பெயர் போடுவதா வேண்டாமா என்பதை அவர்களைக் கேட்டுத்தான் முடிவு செய்யவேண்டும். எங்கள் தவறு, கேட்காமலே நீக்கியது.

2021இல் 'என்ஜாய் எஞ்சாமி' வந்தபோது, இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்துத் திரும்பிய தன் பாட்டி வள்ளியம்மாளின் பெயரை அறிவு பாட்டுக்குள்ளேயே வைத்தார். மாஞ்சோலையைப் பார்த்து வளர்ந்த எங்களுக்கு அது வேறுமாதிரிக் கேட்டது. அடுத்த ஆண்டு செஸ் ஒலிம்பியாட் தொடக்க விழாவில் அதே பாட்டு அறிவு இல்லாமல் மேடையேறியது. பாட்டில் யாருக்கு எவ்வளவு பங்கு என்று பெரிய வாக்குவாதம் நடந்தது. அந்தக் கணக்குக்குள் நான் போகவில்லை. கோடிக்கணக்கானோர் பார்த்த பாட்டுக்கே இந்தக் கதி என்றால், சேரன்மகாதேவித் திண்ணையில் பாடியவருக்கு என்ன மிஞ்சும்?

இன்னொன்று. கே.ஏ.குணசேகரன் இறந்தது 2016 ஜனவரி 17. ஐதராபாத்தில் ரோகித் வெமுலா இறந்ததும் அதே நாள். ஆண்டுதோறும் அந்த நாளில் நாங்கள், ஆய்வு மாணவர்கள், ரோகித்துக்காகக் கூடுகிறோம், கூடத்தான் வேண்டும். அந்தக் கூட்டங்களிலும் 'மனுசங்கடா' பாடுகிறோம். பாடியவர் இறந்ததும் இதே நாள்தான் என்று சொல்லி நான் கேட்டதில்லை. அடுத்த ஜனவரியில் கூட்டம் நடத்துகிற தோழர்கள், பாட்டுக்கு முன் இரண்டு பெயர்களையும் மைக்கில் சொல்லுங்கள். யூடியூபில் ஏற்றுகிறவர்கள் கீழே எழுதுங்கள்.

நான் வழிகாட்டியிடம் பேசிப் பின்னிணைப்பைத் திருத்திவிட்டேன். சம்மதம் சொன்ன பதினொரு பேரின் பெயரும் ஊரும் வருகின்றன. மூன்று பேர் வேண்டாம் என்றார்கள். அவர்கள் கட்டிய அடிகளைத் தனியாகக் குறித்து, அவர்கள் இயற்றியவை என்றே எழுதியிருக்கிறேன். எல்லாருடைய ஒலிப்பதிவையும் பென்டிரைவில் போட்டு அவரவர் வீட்டில் கொடுத்துவருகிறேன். ஆச்சி வீட்டில் பேத்தி அதை டிவியில் செருகிப் போட்டாள். ஆச்சி கொஞ்ச நேரம் கேட்டுவிட்டு, "அந்த மூணாவது பாட்டுல ஒரு அடிய விட்டுட்டேன், திரும்பப் பாடுதேன், எடுத்துக்கோ" என்றார். போனை எடுத்துப் பதிவுப் பொத்தானை அழுத்தினேன். முதலில் தன் பெயரையும் ஊரையும் சொல்லிவிட்டுத்தான் பாடத் தொடங்கினார்.