ஆரம்ப விழாவும் அடைமழையும்

தமிழில் 'மாடு' என்ற சொல்லுக்கே செல்வம் என்றொரு பொருள் உண்டு. அந்தச் செல்வத்தை நாம் காக்கின்ற இலட்சணத்தைப் பற்றி இன்று சற்றுக் கசப்பாகவே எழுதவேண்டியிருக்கிறது.

பத்திரிகைப் பணியில் இருந்த காலத்தில், மட்டக்களப்பு மாவட்டத்தில் ஒரு கால்நடைத் தடுப்பூசி ஆரம்ப விழாவுக்குச் சென்றிருந்தேன். பந்தல், மங்கள விளக்கு, மாலை, உரைகள். நெற்றியில் குங்குமமிட்ட ஒரு சாதுப் பசுவுக்கு முதல் ஊசி ஏற்றப்பட்டது. படம் மூன்று பத்தியில் வெளியாயிற்று. செய்தி எழுதியவன் நானே.

அது கார்த்திகை மாதம். பெரும்போக வயல்களைக் காப்பதற்காகப் பட்டிகள் அதற்கு முன்பே தொலைவிலுள்ள மேய்ச்சல் தரைகளுக்குச் சாய்க்கப்பட்டிருந்தன. அடைமழை பிடித்தது, தொண்டை அடைப்பானும் வந்தது. பதினொரு எருமைகளைப் புதைத்த முதியவர் ஒருவர் என்னிடம் கேட்டார்: "ஊசி போட்ட மாடெல்லாம் எங்க தம்பி நிண்டது?" என்னிடம் பதில் இருக்கவில்லை.

பதில் எளியது. அந்த ஊசியின் நாளைக் குறித்தது மாடுகளின் பஞ்சாங்கமன்று, கந்தோரின் பஞ்சாங்கம். நிதி வந்தது ஆண்டிறுதியில். மார்கழி முடியுமுன் செலவுக்கணக்குக் காட்டவேண்டும். நோயோ கணக்காய்வுக்குக் காத்திருப்பதில்லை. தொண்டை அடைப்பான் கண்ட மாடு ஓரிரு நாளில் விழுந்துவிடும். ஊசி ஏறிப் பாதுகாப்பு உருவாக இரண்டு வாரமாவது செல்லும். ஆகவே, பட்டிகள் ஊரை அண்டி நிற்கும் ஆவணி, புரட்டாதியிலேயே அது ஏற்றப்படவேண்டும். மழை பிடித்தபின் ஊசியோடு ஓடுவது கண்கெட்ட பின் சூரிய நமஸ்காரமே.

கால்வாய் நோய்க்கு ஒரு ஊசி போதாது. ஏறத்தாழ ஒரு மாத இடைவெளியில் இரண்டாவது, பின்னர் ஆறு மாதத்துக்கு ஒருமுறை என்பது வழமையான ஒழுங்கு. தாய்ப்பாலால் கிடைத்த எதிர்ப்பு குறையும் வயதில் கன்றுகளுக்கு வேறாக நாள் குறிக்கவேண்டும். மருந்து 2 முதல் 8 பாகை செல்சியசில் இருக்கவேண்டும். வெயிலில் கிடந்தாலும் கெடும், உறைந்தாலும் கெடும். இவற்றையெல்லாம் எழுதிவைத்த ஏடு இல்லாமல் நடப்பது தடுப்பூசித் திட்டமா, தடுப்பூசிச் சடங்கா?

பட்டிக்காரர் ஒத்துழைப்பதில்லை என்கிறார்கள். எண்ணிக்கையை மறைப்பவர்கள் உண்டு, மறுக்கவில்லை. கால்நடை வைத்தியர் ஒருவர் பார்க்கவேண்டிய பரப்பு மிகப் பெரிது என்பதும் உண்மை. ஆனால், காட்டில் மேய்ந்து பழகிய மாட்டை நிறுத்தி ஊசி போட ஒரு மர ஒடுக்குப் பாதையேனும் அமைத்துக் கொடுக்காமல், 'மாட்டைக் கொண்டுவா' என்று அறிவித்தல் ஒட்டுவது நியாயமா? நாளையும் இடத்தையும் பட்டிக்காரரோடு பேசியல்லவா தீர்மானிக்கவேண்டும்?

நம்மிடம் அறிவு இல்லையென்று சொல்லமுடியாது. தொண்டை அடைப்பானைப் பற்றி 1999இல் தனி நூல் எழுதிய எம்.சி.எல். டி அல்விஸ் இந்நாட்டவர். அனுபவமும் உண்டு. பல தசாப்தங்களாக இங்கில்லாதிருந்த வெக்கை நோய் 1987இல் வடக்கு கிழக்கில் மீண்டும் புகுந்தது. போர் நடந்த அந்த ஆண்டுகளிலும் ஊசி போடப்பட்டது. 1994க்குப் பின் அந்நோய் இங்கு காணப்படவில்லை. 2011இல் உலகிலிருந்தே ஒழிந்ததாக அறிவிக்கப்பட்டது. போர்க்காலத்தில் முடிந்தது இன்று ஏன் முடியாது?

புலம்பெயர்ந்த உறவுகளுக்கும் ஒரு வார்த்தை. ஊரிலுள்ள ஒரு குடும்பத்துக்குக் கறவைப் பசு வாங்கிக் கொடுக்கிறீர்கள், நல்ல காரியம். ஊசி ஏற்றாத பசுவை வேற்று மாவட்டத்திலிருந்து இறக்கி நேரே பட்டியில் விட்டால், நன்கொடையோடு நோயும் போய்ச் சேரலாம். முதலில் ஊசி ஏற்றுங்கள். சில வாரம் தனியே கட்டுங்கள்.

இத்தகைய விழாக்களுக்கு அழைக்கப்படும் இளம் செய்தியாளர்களே, பட்டியில் மொத்தம் எத்தனை, ஊசி ஏறாதவை எத்தனை, இரண்டாவது ஊசி எந்த நாள் என்று கேட்டு எழுதுங்கள். அன்று நான் கேட்கத் தவறிய கேள்விகள் இவை.