"மீதி" என்றால் கழித்தலா?

தொடக்கப்பள்ளிப் பிள்ளைகளுக்கு வார்த்தைக் கணக்கு சொல்லித் தருபவர்கள் பலரிடம் ஒரு சுருக்கு வழி இருக்கிறது. 'மொத்தம்', 'அதிகம்' என்று வந்தால் கூட்டு. 'மீதி', 'குறைவு' என்று வந்தால் கழி. வகுப்பிலும் இதுதான், டியூஷனிலும் இதுதான். உண்மையில் இது கணக்கே அல்ல. கணக்கைப் படிக்காமல் தப்பிக்கும் வழி!

ஒரு சின்ன சோதனை. திண்டிவனத்தில் கிளம்பிய பஸ் ஒலக்கூரில் நிற்கிறது. 8 பேர் இறங்குகிறார்கள், யாரும் ஏறவில்லை. மீதி 25 பேர். ஒலக்கூர் வரும்போது பஸ்ஸில் எத்தனை பேர் இருந்தார்கள்? 'மீதி'யைப் பார்த்ததும் பிள்ளை 25-லிருந்து 8-ஐக் கழித்து 17 என்று எழுதும். இறங்கிய பிறகே 25 பேர் இருக்க, இறங்கும் முன் 17 பேர் எப்படி இருந்திருக்க முடியும்? விடை 33. பிள்ளைக்குக் கூட்டவும் தெரியும், கழிக்கவும் தெரியும். பஸ்ஸை மனதில் பார்க்கத்தான் யாரும் சொல்லித் தரவில்லை.

கூட்டுத்தொகையும் வித்தியாசமும் சேர்ந்து வந்தால் சுருக்கு வழி சுத்தமாகப் படுத்துவிடும். அண்ணன் தம்பி இருவருக்கும் மொத்தம் 40 மூட்டை மல்லாட்டை. அண்ணனுக்கு 6 மூட்டை அதிகம். ஆளுக்கு எவ்வளவு? 'மொத்தம்', 'அதிகம்' இரண்டும் இருப்பதால் 46 என்று ஒரு விடை வரும். இருப்பதே 40 மூட்டைதானே!

மல்லாட்டை விளையும் ஒலக்கூர்ப் பக்கத்தில் களத்தில் நிற்கும் பெரியவரிடம் இதைக் கேட்டால் என்ன செய்வார்? அதிகமான 6 மூட்டையைத் தனியே ஒதுக்குவார். மீதி 34-ஐச் சரிபாதியாக்குவார். தம்பிக்கு 17, அண்ணனுக்கு 17-உடன் ஒதுக்கிய 6 சேர்த்து 23. இதே கணக்குக்கு 1150-ல் பாஸ்கரர் எழுதிய 'லீலாவதி'யில் விதியே இருக்கிறது. கூட்டுத்தொகையிலிருந்து வித்தியாசத்தைக் கழித்துப் பாதியாக்கினால் சிறிய எண், கூட்டிப் பாதியாக்கினால் பெரிய எண். களத்தில் பிறக்கும் அறிவை வகுப்பறை ஏன் வாசலிலேயே நிறுத்துகிறது?

"மெதுவாகப் படிக்கிற பிள்ளை நாலு மார்க்காவது வாங்கட்டுமே" என்பார்கள். அந்தப் பிள்ளைக்குத்தான் இது பெரிய துரோகம். இன்று நாலு மார்க் கிடைக்கலாம். நாளை இயற்கணிதத்தில் x, y வரும்போது பிடித்துக்கொள்ள எந்த வார்த்தையும் இருக்காது. அப்போது "எனக்குக் கணக்கு வராது" என்று அதுவே தன் தலையில் முத்திரை குத்திக்கொள்ளும்.

இது நம் ஊர் நோய் மட்டுமல்ல. 1980 வாக்கில் பிரான்சின் கிரனோபிள் நகரில் சிறு பிள்ளைகளிடம் ஒரு கணக்கு கேட்டார்கள். கப்பலில் 26 செம்மறி, 10 வெள்ளாடு. கப்பல் தலைவனின் வயது என்ன? 97 பேரில் 76 பேர் கொடுத்த எண்களை வைத்தே ஏதோ ஒரு விடை சொன்னார்கள்! யோசிக்காமல் விடை எழுதப் பழக்கினால் இதுதான் நடக்கும்.

மாற்று வழிக்குச் செலவே இல்லை. எண்களை மறைத்துவிட்டுக் கணக்கைப் படிக்கச் சொல்லுங்கள். என்ன நடந்தது என்று பிள்ளை தன் வார்த்தையில் சொல்லட்டும். படம் போடட்டும், புளியங்கொட்டையை அடுக்கட்டும். கூட்டலா கழித்தலா என்பது அதற்கு அப்புறம். விடை வந்ததும் "இது நடக்கக்கூடியதா?" என்று ஒரு கேள்வி.

தமிழக அரசு 2022-ல் தொடங்கிய திட்டத்துக்கு 'எண்ணும் எழுத்தும்' என்று அழகாகப் பெயர் வைத்தது. வார்த்தைக் கணக்கில்தான் எண்ணும் எழுத்தும் ஒன்றாகச் சேர்கின்றன. எழுத்தைப் படிக்க விடாமல் எண்ணை மட்டும் பிடுங்கச் சொல்லித் தந்தால் பிள்ளைக்கு இரண்டுமே மிஞ்சாது.