பொதிகைக்குச் சொந்தக்காரர்கள்

நம் தமிழ்ச் சங்க விழாக்களில் பொதிகை வராத மேடைப்பேச்சு உண்டா? அகத்தியர் வருவார், தென்றல் வரும், கைதட்டல் வரும். அந்த மலையில் இன்று எவை வாழ்கின்றன என்று மட்டும் யாரும் கேட்பதில்லை.

ஒன்றைச் சொல்கிறேன்: ராவோர்கெஸ்டஸ் கலஸோடஸ். மூன்று சென்டிமீட்டர்கூட இல்லாத பச்சைத் தவளை. 1876இல் லண்டனில் குந்தர் என்ற விலங்கியலாளர் இதை விவரித்துப் பெயரிட்டார். 1874க்குப் பிறகு 136 ஆண்டுகள் ஆய்வாளர் எவர் கண்ணிலும் படவில்லை. பொதிகைத் தொடரில், மேல் கோதையாற்றில் மீண்டும் கண்டதாக 2011இல் அறிவித்தார்கள். மூங்கில் தண்டின் வெடிப்பு வழியே நுழைந்து உள்ளே முட்டையிடுகிறது. ஆண் காவல் இருக்கிறது. தலைப்பிரட்டைப் பருவமே இல்லை. முட்டையிலிருந்து நேராகக் குட்டித் தவளைதான்.

இதற்குத் தமிழில் என்ன பெயர் என்று மகள் கேட்டாள். "பச்சைத் தவளை" என்று சமாளித்தேன். கணினிக்கும் இணையத்துக்கும் பெயர் சூட்டிப் பெருமைப்பட்ட கூட்டம் நாம்!

பெயரில் என்ன இருக்கிறது என்பீர்கள். என் தொழிலில், பட்டியலில் பெயரில்லாத சர்வரைத்தான் முதலில் அணைப்போம். கூடைக்கும் காகிதக் கூழுக்கும் மூங்கில் வெட்டுகிறவர்களுக்கு உள்ளே ஓர் உயிர் இருப்பது தெரிந்தால்தானே கை தயங்கும்?

அடுத்த விழாவில் அகத்தியருக்கு அரை மணி என்றால், இந்தத் தவளைக்குப் பத்து நிமிடம் கொடுங்கள். பெயரை அகராதியில் தேட வேண்டாம். அந்த மலையில் வாழும் காணி மக்களிடம் கேட்போம். அதுவரை பொதிகை நம்முடையது என்று சொல்ல எனக்கு நாக்கு கூசுகிறது.